மதுரையிலிருந்து ஃபைட்டராகப் போகிறவர்களுக்கு

மதுரை, தேனி, திண்டுக்கல் வட்டாரத்திலிருந்து சினிமாவில் ஃபைட்டராக, அதாவது சண்டைக் கலைஞராக, ஆசைப்படும் பையன்கள் பெரும்பாலும் மூன்று இடங்களிலிருந்து வருகிறார்கள்: சிலம்பக்கூடம், கபடிக் களம், வாடிவாசல். மூன்றுமே உடம்புக்கு நல்ல அஸ்திவாரம். ஆனால் ஒவ்வொன்றிலும் கேமரா முன்னால் ஆகவே ஆகாத ஒரு பழக்கம் ஊறிப்போயிருக்கும். அதைக் கழற்றிவிட்டால்தான் மற்றதெல்லாம் ஏறும். படப்பிடிப்பில் இதை உட்கார வைத்துச் சொல்லித்தர யாருக்கும் நேரம் இருக்காது. அதனால் அங்கிருந்தே ஆரம்பிக்கலாம்.

சிலம்பக்காரனின் வீச்சு இலக்கைத் தாண்டிப் போகும். அடி விழ வேண்டும் என்றே கற்றவன் அவன். சினிமாவில் கம்பு முழு வேகத்தில் வந்து எதிராளியின் உடம்புக்கு முன்னால் சட்டென்று நிற்க வேண்டும். வேகத்தைக் குறைத்தால் திரையில் பொய் தெரியும், நிறுத்தத் தெரியாவிட்டால் மண்டை உடையும். இதற்கு எளிய பயிற்சி ஒன்று உண்டு. மரக்கிளையில் பழைய துண்டு ஒன்றைத் தொங்கவிட்டு, அதற்கு ஒரு அடி முன்னால் முழு வீச்சையும் நிறுத்திப் பழக வேண்டும். துண்டு காற்றில் ஆட வேண்டும், கம்பு படக் கூடாது. கை பழகிய பிறகு இடைவெளியை அரை அடியாக்கலாம், அதற்குமேல் நெருங்க வேண்டாம். கம்பையும் கவனிக்க வேண்டும். காய்ந்த மூங்கில் நுனியில் கீறல் விட்டிருந்தால், கம்போடு கம்பு மோதும்போது சிம்பு தெறித்து நேராகக் கண்ணுக்குப் போகும். ஒவ்வொரு டேக்குக்கும் முன்னால் கம்பை நெடுகத் தடவிப் பார்க்க வேண்டும். இரண்டு நுனியிலும் துணி நாடாவை இறுக்கிச் சுற்றிவிட வேண்டும்.

கபடிக்காரனுக்குத் தரையைக் கண்டு பயம் கிடையாது. இது பெரிய விஷயம். ஜிம்மிலிருந்து வருகிறவனுக்கு அந்தப் பயம் போகவே மாதக்கணக்காகும். ஆனால் கோட்டைத் தொடப் பாய்ந்து பாய்ந்து, விழும்போதெல்லாம் கை தானாக முன்னால் நீளும். நீட்டிய கையில் உடம்பின் எடை முழுதும் இறங்கினால் மணிக்கட்டு போகும், அது தப்பினால் காறை எலும்பு போகும். இந்தத் தொழிலில் புதியவர்களுக்கு வரும் எலும்பு முறிவுகளில் அடிக்கடி பார்ப்பது இதைத்தான்.

மாடு பிடிக்கிறவனுக்கு விடாமல் தொங்கிக்கொள்வதுதான் பெருமை. ஓடும் ஜீப்பின் பின்கதவில் தொங்கும் ஷாட்டிலோ கயிற்றில் இழுபடும் ஷாட்டிலோ அந்தப் பெருமை ஆளைக் கொன்றுவிடும். எந்த இடத்தில் கையை விட வேண்டும் என்று முன்கூட்டியே தரையில் அடையாளம் போட்டிருப்பார்கள். அந்த அடையாளத்தில் விட்டே ஆக வேண்டும். அதைத் தாண்டினால் விழுவதற்குப் போட்ட படுக்கை தீர்ந்து சரளை வந்துவிடும். கணக்கு தப்பியது தெரிந்தால் அடையாளத்துக்கு முன்பே விட்டுவிட வேண்டும். ஷாட் கெட்டுப்போனால் மறுபடி எடுத்துக்கொள்ளலாம். இன்னொன்றும் இதோடு சொல்ல வேண்டும்: படத்தில் காளையோ குதிரையோ வந்தால் இந்திய விலங்குகள் நல வாரியத்திடம் படப்பிடிப்புக்கு முன்பே அனுமதி வாங்க வேண்டும். ஊர்க்காளைதானே என்று அவிழ்த்துக்கொண்டு வந்து எடுத்தால் தணிக்கையில் அந்தக் காட்சி நின்றுபோகும். அதில் நீங்கள் வாங்கிய அடியும் வீண்.

விழுவது

ஒரு ஃபைட்டர் அடிப்பதைவிட விழுவதுதான் அதிகம். மல்லாக்க விழுவதை மட்டும் இங்கே விரிவாகச் சொல்கிறேன், மற்ற விழுகைகளுக்கெல்லாம் அதுதான் தாய்.

முதலில் தாடை நெஞ்சோடு ஒட்ட வேண்டும். பார்வை வானத்துக்குப் போனால் பின்மண்டை தரைக்குப் போகும். அதனால் கண் தன் இடுப்பு முடிச்சைப் பார்த்தபடியே இருக்கட்டும். பல் கடித்திருக்க வேண்டும், நாக்கு உள்ளே இருக்க வேண்டும். முழங்காலை மடக்கி, பிட்டம் குதிகாலுக்கு எவ்வளவு பக்கத்தில் இறங்குமோ அவ்வளவு பக்கத்தில் இறக்கினால் விழும் உயரமே பாதியாகிவிடும். நடு வால் எலும்பில் உட்காராமல் கொஞ்சம் ஒருக்களித்து, ஒரு பக்கப் பிட்டம், இடுப்பு, முதுகின் அந்தப் பக்கம், தோள்பட்டை என்று வரிசையாகத் தரையில் பட வேண்டும். முதுகு தரையைத் தொடும் அதே நொடியில் இரண்டு கைகளும் உடம்பிலிருந்து 45 டிகிரி விலகி, முழங்கையிலிருந்து உள்ளங்கை வரை ஒன்றாகத் தரையை அறைய வேண்டும். முழங்கை முதலில் பட்டால் அதிர்ச்சி தோளுக்கு ஏறும். கை பின்னால் ஊன்றினால் முன்பு சொன்ன மணிக்கட்டுக் கதைதான். மூச்சை விழும்போதே ஒரு கத்தலோடு வெளியே விட வேண்டும். உள்ளே பிடித்துக்கொண்டு விழுந்தால் நெஞ்சு அடைத்து, அடுத்த அரை நிமிடம் ஒன்றும் செய்ய முடியாது. அந்தக் கத்தலையே சண்டைக் காட்சியை அமைக்கும் மாஸ்டர் ரியாக்‌ஷனாகவும் எடுத்துக்கொள்வார்.

பழகும் வரிசை முக்கியம். மெத்தையில் குந்த வைத்த நிலையிலிருந்து ஆரம்பித்து, பாதி நின்று, பிறகு முழுக்க நின்று, அதன்பின் ஒருவர் தள்ளி விழ வேண்டும். அப்புறம்தான் மெத்தையை எடுத்துவிட்டுப் புல்தரை. கழுத்து ஒருமுறைகூடப் பின்னால் சாயாமல் தொடர்ந்து முப்பது தடவை விழ முடிந்தால் மட்டுமே அடுத்த படி. தோள் உருளலும் அப்படியே. வலது தோளில் இறங்கினால் இடது இடுப்பில் வெளியேற வேண்டும். முதுகுத்தண்டின் மேல் நேராக உருளக் கூடாது. தரை கடினமான இடத்தில் அதன் விலை தெரியும்.

உயரம் வந்தால் கணக்கு வேறு. 10 அடியிலிருந்து விழுகிறவன் தரையைத் தொடும்போது மணிக்கு ஏறக்குறைய 28 கிலோமீட்டர் வேகத்தில் வருகிறான். 20 அடி என்றால் 39, 30 அடி என்றால் 48. ஆளைக் காயப்படுத்துவது அந்த வேகத்தைவிட, அது எவ்வளவு தூரத்தில் நிற்கிறது என்பதுதான். விழும் உயரத்தைப் படுக்கை அமுங்கும் ஆழத்தால் வகுத்துப் பாருங்கள். 20 அடியிலிருந்து விழுந்து ஒரு அடி மெத்தையில் நின்றால், உடம்பு எடையைப்போல் ஏறத்தாழ 20 மடங்கு விசையை எலும்பு தாங்க வேண்டும். அதே ஆள் 4 அடி அமுங்கும் படுக்கையில் நின்றால் 5 மடங்கோடு போயிற்று. இரண்டு மெத்தை போட்டிருக்கிறோம் என்று யாராவது சொன்னால், முதலில் மனத்துக்குள் இந்த வகுத்தலைப் போட வேண்டும். 2024 ஜூலையில் சென்னை சாலிகிராமத்தில் சண்டைக் கலைஞர் ஒருவர் உயிரிழந்தது 20 அடி உயரத்திலிருந்து விழுந்துதான். அது ஒன்றும் பெரிய கோபுர உயரம் கிடையாது, இரண்டு மாடிதான்.

காற்றுப்பை கிடைக்காத அவுட்டோரில் அட்டைப்பெட்டிப் படுக்கை இன்றும் நம்பகமானது, ஒழுங்காக அடுக்கினால். கீழமாசி வீதி மளிகை மொத்தக் கடைகளில் பெட்டி வேண்டிய மட்டும் கிடைக்கும். எண்ணெய் ஊறியதும் ஈரம் பட்டதும் ஆகாது, அவை அமுங்காமல் மடிந்துவிடும். இரும்பு ஸ்டேப்ளர் பின் ஒன்றுவிடாமல் பிடுங்க வேண்டும். ஒரே அளவுப் பெட்டிகளாகப் பொறுக்கி, காலியாக, நிமிர்த்தி மூடி, மேல் அடுக்கின் இணைப்பு கீழ் அடுக்கின் இணைப்புக்கு நேராக வராதபடி அடுக்க வேண்டும். நேராக வந்தால் ஆள் இரண்டு வரிசைக்கு நடுவே ஆப்பு மாதிரி இறங்கித் தரையைத் தொட்டுவிடுவான். மேலே மெல்லிய ஃபோம் மெத்தை, சுற்றிலும் தார்ப்பாய், அதன்மேல் கயிற்றுக் கட்டு. கட்டு இல்லாவிட்டால் விழும்போது பெட்டிகள் பக்கவாட்டில் விலகி ஓடும். ஒரு டேக் முடிந்தால் நசுங்கிய பெட்டிகளை மாற்றாமல் அடுத்த டேக் போகவே கூடாது. மாலை வெளிச்சம் போகிறது என்ற அவசரத்தில் விடுபடுவது இதுதான்.

காற்றுப்பையில் காற்று ஊதும் ப்ளோயர் ஓடிக்கொண்டே இருக்க வேண்டும். விழுந்ததும் பக்கத்து வாய்கள் திறந்து காற்று வெளியேறுவதால்தான் பை ஆளைத் திருப்பி எறிவதில்லை. அந்த வாய்களுக்கு முன்னால் லைட் ஸ்டாண்டோ, வேடிக்கை பார்க்கும் ஆட்களோ நிற்கக் கூடாது. நடுவில், மல்லாக்கத்தான் இறங்க வேண்டும். காலை ஊன்றி இறங்கினால் முழங்கால் முகத்தில் இடிக்கும். இரண்டு பேர் ஒன்றாக விழும் ஷாட்டுக்கு இரண்டு பை வேண்டும். ஒரே பையில் ஒருவன் முதலில் விழுந்துவிட்டால் மற்றவனுக்குக் காற்று மிஞ்சாது.

ரோப்

இன்றைய சண்டையில் பாதி ரோப்பில்தான், அதாவது ஆளைக் கயிற்றிலோ வயரிலோ கட்டித் தூக்கித்தான், நடக்கிறது. 2022 டிசம்பரில் வண்டலூர் பக்கத்தில் கிரேனில் கட்டிய கயிறு அறுந்து ஒரு சண்டைக் கலைஞர் இறந்தார். ரோப் ஷாட்டில் ஏறுகிற ஒவ்வொருவரும் தன் உயிர் எதில் தொங்குகிறது என்பதைத் தன் கண்ணால் பார்த்துவிட்டுத்தான் ஏற வேண்டும். அதற்கு எஞ்சினியர் படிப்பு தேவையில்லை.

உடம்பில் மாட்டும் பட்டைக் கட்டான ஹார்னஸில் தொடைப் பட்டை தளர்ந்திருந்தால், தூக்கியதும் மேலே வழுகி வந்து இடுப்புக் கவட்டை நசுக்கும். இறுக்கிவிட்டால் கால் மரத்துப்போகும். பட்டைக்குள் விரித்த உள்ளங்கை நுழைய வேண்டும், மடக்கிய முஷ்டி நுழையக் கூடாது. இதுதான் அளவு. வயரையும் ஹார்னஸையும் இணைக்கும் கொக்கியான கேரபைனரில் திருகு மூடி முழுக்க இறங்கியிருக்க வேண்டும். ரோப் பார்க்கிறவரிடம், "அண்ணே, லாக் திருகியாச்சா? நானும் ஒருவாட்டி கை வச்சுப் பாத்துக்கிறேன்" என்று கேட்பதில் வெட்கம் எதுவும் இல்லை. நல்ல ரோப் ஆள் அதைக் கேட்காதவனைத்தான் சந்தேகமாகப் பார்ப்பார்.

ஸ்டீல் வயரை பஞ்சு அல்லது பழைய துணியால் நெடுக உருவிப் பார்க்க வேண்டும். ஒரு இழை அறுந்திருந்தாலும் நூல் சிக்கும். இழை சிக்கிய வயர், ஒருமுறை மடங்கி முறுக்கு விழுந்த வயர், பின்னல் பிரிந்து கூண்டுபோல் உப்பிய வயர், மூன்றையும் அந்த இடத்திலேயே வெட்டிப் போட்டுவிட வேண்டும். சுருட்டி வைத்தால் அடுத்த ஷெட்யூலில் வேறு யாராவது எடுத்துக் கட்டிவிடுவார்கள். வயர் முனையில் மெஷினில் அழுத்திய கண்ணிதான் நல்லது. அவசரத்துக்கு யு கிளாம்ப் போட்டே ஆக வேண்டுமென்றால் குறைந்தது மூன்று வேண்டும். அதில் வளைந்த யு பாகம் வயரின் வெட்டுமுனைப் பக்கம் உட்கார வேண்டும், எடை தாங்கும் பக்கம் அல்ல. மாற்றிப் போட்டால் எடை தாங்கும் வயரையே அது கடித்து நசுக்கும். முதல் முறை எடை ஏற்றி இறக்கிய பிறகு நட்டை மறுபடி முடுக்க வேண்டும், வயர் இறுகியதும் நட்டு தளர்ந்திருக்கும்.

ஆபத்து பெரும்பாலும் தொய்வில்தான் இருக்கிறது. 70 கிலோ ஆள் சும்மா தொங்கினால் வயரில் 70 கிலோதான். வயர் ஒரு மீட்டர் தொய்ந்திருந்து, அவன் குதித்து, அது பத்து சென்டிமீட்டர் நீளத்துக்குள் அவனை நிறுத்தினால் சராசரி விசையே 700 கிலோவைத் தாண்டும், உச்சம் அதற்கும் மேல். வயர், கொக்கி, ஹார்னஸ் தையல், ஆளின் முதுகெலும்பு எல்லாம் சேர்ந்து அதை வாங்குகின்றன. அதனால் மாஸ்டர் ஆக்‌ஷன் சொல்லும் முன் வயரில் தொய்வு இல்லை என்பதை ஒருவர் உரக்கச் சொல்ல வேண்டும். இரண்டு வயரில் தொங்கவிடும்போது நடுக்கோணத்தையும் பார்க்க வேண்டும். இரண்டு வயருக்கும் இடையில் 120 டிகிரி ஆகிவிட்டால் ஒவ்வொரு வயரும் முழு எடையைத் தாங்குகிறது என்று பொருள், பாதி பாதியாகப் பிரிவதில்லை. அதற்கும் விரிந்தால் சுமை எடையைத் தாண்டிப்போகும்.

ஆட்கள் ஓடி இழுக்கிற இரட்டிப்பு புல்லியில், அவர்கள் ஒரு மீட்டர் ஓடினால் ஃபைட்டர் இரண்டு மீட்டர் பறப்பான். வேகம் இரட்டிப்பாவதால் இழுக்கும் பலமும் இரட்டிப்பு வேண்டும். 70 கிலோ ஆளுக்கு 140 கிலோவும், அதற்குமேல் உராய்வும். நான்கு பேர் இழுத்த ஷாட்டை மூன்று பேரோடு எடுக்கும்போது ஆள் பாதி உயரத்தில் நின்று சுவரில் அடிபடுவான். இழுக்கிறவர்கள் யார் யார் என்று ஒத்திகையில் பார்த்துவிட்டால், டேக்கிலும் அதே ஆட்கள் இருக்கட்டும். ஹார்னஸில் சும்மா தொங்கிக்கொண்டு லைட்டிங்குக்குக் காத்திருக்கவும் கூடாது. காலில் ரத்தம் தேங்கி மயக்கம் வரும். லைட்டிங் முடிகிற வரை இறக்கிவிடச் சொல்லுங்கள்.

மதுரைக் கதையும் மதுரை மண்ணும்

மதுரைக் கதை என்றால் சண்டையில் ஹீரோவுக்கும் ஃபைட்டருக்கும் பெரும்பாலும் வேட்டிதான். இதன் சிக்கல் சென்னை ஸ்டூடியோ ஃப்ளோரில் பேன்ட் போட்டுச் சண்டை பழகியவர்களுக்குத் தெரியாது. மடித்துக் கட்டிய வேட்டியில் முழங்கால் வெளியே தெரியும், முழங்கால் பேட் போட வழியில்லை. தோல் நிற மெல்லிய பேட் இருந்தாலும் க்ளோஸப்பில் காட்டிக்கொடுக்கும். ஆகவே சண்டையை அமைக்கும் கம்போசிங்கிலேயே முழங்கால் ஊன்றாத விழுகையாக மாஸ்டரிடம் கேட்டு மாற்றிக்கொள்ள வேண்டும். வேட்டி ஒட்டிக்கோ பட்டையில் இருக்கட்டும், உள்ளே இறுக்கமான நீள டிரவுசர், அதில் தொடைக்கும் இடுப்புக்கும் பேட். அவிழ்த்துவிட்ட வேட்டியோடு கிக் அடித்தால் மறுகாலில் சுற்றி முகம் குப்புற விழுவது உறுதி. கிக் உள்ள ஷாட்டெல்லாம் மடித்துக் கட்டிய கன்டினியூட்டியில் வைத்துவிடுவது நல்லது. வெறுங்கால் ஷாட்டுக்குத் தோல் நிற ரப்பர் அடி ஒட்டிய சாக்ஸ் கேட்டு வாங்குங்கள். டூப் போடுகிறவர் ஹீரோ உடையில் ஒரு செட்டை ஒரு அளவு பெரிதாகக் கேட்க வேண்டும், ஹார்னஸும் பேடும் அதில்தான் மறையும். ஹீரோயினுக்கு டூப் போடும் பெண்களுக்குச் சேலையும் ரவிக்கையும் இன்னும் கஷ்டம். முதுகில் பேட் வைக்க இடமே இல்லாததால் அவர்களுக்குப் படுக்கை ஒரு மடங்கு கூடுதலாக வேண்டும். அதைக் கேட்டுப் பெறுவது அவர்கள் உரிமை.

வைகை மணலைப் பார்த்ததும் மெத்தை என்று நினைத்துவிடக் கூடாது. மேலே நாலு அங்குலம் மணல், அதற்குக் கீழே பாட்டில் சில்லும் கருவேல முள்ளும். கருவேல முள் செருப்பையே துளைத்து ஏறும், முதுகு எம்மாத்திரம். விழும் இடத்தை ஆறு அங்குலம் தோண்டி எடுத்து, சலித்த மணலைப் போட்டு நிரப்ப வேண்டும். வயல்காட்டில் எடுப்பதாக இருந்தால் முதல் நாளே ரொட்டவேட்டர் விட்டு உழுத புழுதிதான் சிறந்த தரை. எந்த மெத்தையும் அந்த மாதிரி கேமராவில் மறைந்துகொள்ளாது. மேலூர்ப் பக்கத்துச் சரளையில் அதுவும் நடக்காது, மண் கொண்டுவந்து கொட்டத்தான் வேண்டும். புழுதி பறக்க வேண்டும் என்று சாம்பலோ சிமென்டோ தூவுகிற இடத்தில் வேலை செய்யாதீர்கள். சிமென்ட் ஈரத்தோடு சேர்ந்து கண்ணையும் தோலையும் அரிக்கும். சலித்த முல்தானி மட்டியே போதும். அதிலும் மூச்சை அடக்கித்தான் உருள வேண்டும்.

கீழக்குயில்குடி சமணர் மலை மாதிரி தொல்லியல் பாதுகாப்பில் உள்ள இடத்தில் பாறையில் ஆணி அடிக்கவோ துளை போடவோ கூடாது. ரோப்புக்குக் கிரேனோ தனிச் சட்டமோதான் வழி. அது நிறுத்த இடமில்லை என்றால் அந்த ஷாட்டே இல்லை. சித்திரை, வைகாசியில் 40 டிகிரியைத் தொடும் வெயிலில் பாறை உள்ளங்கையைச் சுட்டுவிடும். கைகொப்புளம் வந்தவனால் கயிற்றைப் பிடிக்க முடியாது. பகல் பதினொன்றிலிருந்து மூன்று வரை கனமான ஷாட் வைக்க வேண்டாம் என்று சங்கோஜமில்லாமல் சொல்லுங்கள். ஒரு லிட்டர் தண்ணீருக்கு ஆறு டீஸ்பூன் சர்க்கரையும் அரை டீஸ்பூன் உப்பும் கலந்து பக்கத்தில் இருக்கட்டும். டீ அதற்கு ஈடாகாது.

அருவா இல்லாத சண்டை நம் பக்கத்துக் கதையில் அபூர்வம். ஒரே அருவாளுக்கு மூன்று பிரதி இருக்க வேண்டும்: க்ளோஸப்புக்கு முனை மழுக்கிய உலோகம், வீச்சுக்கு ஃபைபர் அல்லது மரம், உடம்பில் படுவதற்கும் கையில் பிடித்து ஓடுவதற்கும் ரப்பர். அலுமினியம்தானே என்று உலோகத்தோடு சண்டை போட விடக் கூடாது. மழுக்கிய விளிம்பும் வேகத்தில் தோலைக் கிழிக்கும். ரப்பர் அருவாளுக்குள்ளே கம்பி வைத்திருந்தால் வளைந்து வளைந்து நுனியில் கம்பி வெளியே வந்துவிடும், விரலால் அழுத்திப் பார்த்தே வாங்க வேண்டும். டேக் தொடங்கும் முன் உங்கள் கையில் இருப்பதை எதிராளியிடம் தொட்டுக்காட்டுங்கள். மூன்றும் ஒரே பெயின்டில் இருப்பதால் மாறிப்போவது சுலபம்.

உடைகிற பொருளில் சர்க்கரைக் கண்ணாடி வெயிலுக்கும் ஈரத்துக்கும் ஆகாது. காலையில் வைத்த பாட்டில் மதியம் தளர்ந்து சாய்ந்திருக்கும். தெர்மகோல் பெட்டியில் வைத்து ஷாட்டுக்குத்தான் எடுக்க வேண்டும். பெரிய ஜன்னலுக்கு, உடைந்தால் சின்னச் சின்னத் துண்டாகும் டஃபன்டு கிளாஸ் போட்டு, ஆள் மோதும் முன் சின்ன வெடி வைத்து உடைப்பார்கள். அந்த வெடி வெடிக்காமல் போனால் முழுக் கண்ணாடியில் மண்டை மோதும். வெடி கேட்காவிட்டால் நின்றுவிடுவது என்று முன்கூட்டியே பேசிக்கொள்ளுங்கள். பானை உடைக்கிற காட்சிக்கு மானாமதுரைப் பக்கம் சொல்லி, மெலிதாக வனைந்து அரைவேக்காட்டில் எடுத்த பானை வாங்குவது நல்லது. தண்ணீர்ப் பானையைத் தலையில் உடைத்தால் அது பானை உடைவதாக இருக்காது.

கிணறு, தீ, வண்டி

நம் பக்கத்துப் பாசனக் கிணற்றில் குதிக்கிற ஷாட் இயக்குநர்களுக்கு ரொம்பப் பிடிக்கும். கிணற்றில் போன வருஷம் இருந்த தண்ணீர் இந்த வருஷம் இருக்காது. கயிற்றில் கல் கட்டி நடுவில் மட்டும் ஆழம் பார்த்தால் போதாது. சுவரில் நீட்டிக்கொண்டிருக்கும் படிக்கல்லும், உள்ளே கிடக்கும் பழைய மோட்டார் பைப்பும்தான் ஆளைக் காலி பண்ணுகின்றன. நீச்சல்காரர் ஒருவர் இறங்கி, விழும் இடத்தைச் சுற்றிக் காலால் துழாவிவிட்டு வரட்டும். டைவிங் போட்டிகளில் 10 மீட்டர் மேடைக்குக் கீழே 4.5 முதல் 5 மீட்டர் ஆழம் கேட்கிறார்கள், அதுவும் தேர்ந்தவர்களுக்கு. வெகுநாள் புழங்காத கிணற்றில் மூச்சுவிட நல்ல காற்று இருக்காது, ஆட்களை இறக்கவே கூடாது. ஏற ஏணியும், தண்ணீரில் டியூபும், மேலே கயிற்றோடு இரண்டு பேரும் இல்லாமல் குதிக்க வேண்டாம். 2016 நவம்பரில் கர்நாடகத்தில் திப்பகொண்டனஹள்ளி ஏரியில் ஹெலிகாப்டரிலிருந்து குதித்த இரண்டு நடிகர்கள் மூழ்கிப் போனார்கள். குதித்த பிறகு கரைசேர்க்கச் சரியான ஏற்பாடு இல்லை.

தீக்காட்சியில் உள்ளாடை உள்படப் பாலியஸ்டர் ஒரு நூல்கூடக் கூடாது, உருகித் தோலோடு ஒட்டும். தடுப்பு ஜெல் ஈரமாக, குளிராக இருக்கும்வரைதான் காப்பாற்றும், காய்ந்தால் அதற்கு வேலையில்லை. பெட்ரோலின் ஆவி எங்கே பிடிக்கும் என்று சொல்ல முடியாது, அதனால் உடம்பில் ஊற்ற விடவே கூடாது. எரியும் நேரம் முழுதும் மூச்சை உள்ளே இழுக்கக் கூடாது. குப்புறப் படுத்தால் அணைக்க வேண்டும் என்பதே அடையாளம்.

வண்டி ஷாட்டுக்குப் புதியவர்கள் போகவே வேண்டாம் என்பது என் அபிப்பிராயம். சரிவுப்பலகையில் ஏறிப் பறக்கும் கார், எஞ்சின் முன்னால் இருப்பதால் மூக்கு குத்தித்தான் இறங்கும். அதைச் சமன் செய்யப் பின்னால் எடை, உள்ளே இரும்புக் கூண்டு, ஐந்து முனை பெல்ட், கழுத்துக் காப்பு, பெரிய டேங்க்கை எடுத்துவிட்டுச் சின்ன டேங்க், பேட்டரி துண்டிக்கும் சுவிட்ச் எல்லாம் வேண்டும். 2025 ஜூலையில் நாகப்பட்டினம் பக்கத்தில் கார் பாயும் ஷாட்டில் இறந்தவர் இதில் பல வருஷம் ஊறியவர்.

தொழிலாக

கேமரா அறிவு இல்லாத ஃபைட்டர் சீக்கிரம் தேங்கிவிடுவார். குத்துக்கும் முகத்துக்கும் ஒரு சாண் இடைவெளி இருந்தாலும், கேமரா குத்துகிறவனின் தோளுக்குப் பின்னால் இருந்தால் தெரியாது. பக்கவாட்டில் வைத்தால் பட்டப்பகலில் தெரியும். ஷாட்டுக்கு முன் லென்ஸ் எங்கே என்று பார்ப்பதைப் பழக்கமாக்குங்கள். சண்டையை நொடிக்கு 24 ஃப்ரேமுக்குப் பதில் 22-ல் எடுத்தால் திரையில் வேகம் கூடும், அப்போது நீங்கள் அவசரப்படத் தேவையில்லை. ஸ்லோமோஷன் என்றால் விழுந்த பிறகும் உடம்பில் சின்ன அசைவுகூடப் பொய்யாக இருக்கக் கூடாது. முடியைப் பிடித்து இழுப்பது, கழுத்தை நெரிப்பது, தூக்கி எறிவது எதிலும் கட்டுப்பாடு அடி வாங்குகிறவனிடம்தான் இருக்க வேண்டும். அடிக்கிறவன் கை வைத்தால் மட்டும் போதும்.

தமிழ்ப் படங்களில் வேலை செய்ய வடபழனியிலுள்ள சண்டை இயக்குநர்கள், சண்டைக் கலைஞர்கள் சங்கத்தின் கார்டு வேண்டும். தென்னிந்தியத் திரைப்படத் தொழிலாளர் சம்மேளனமான பெப்சியில் இணைந்த சங்கம் அது. கார்டு வாங்கித் தருகிறேன் என்று மதுரையில் பணம் கேட்கிற யாரிடமும் கொடுக்காதீர்கள். நேரில் போய், விதியைக் கேட்டு, ரசீதோடு கட்டுங்கள். போகும் முன் கையில் இருக்க வேண்டியவை: நீச்சல், டூ வீலர், கார் லைசென்ஸ், ஜிம்னாஸ்டிக்ஸ் அடிப்படை, ஏதாவது ஒரு தற்காப்புக் கலை. கார்டு இல்லாமல் ஊரில் நடக்கும் படப்பிடிப்புக்குக் கூட்டத்தில் நிற்கப் போனவரிடம், "தம்பி, சும்மா ஒரு தள்ளு வாங்கி விழுந்துருப்பா" என்று கேட்பார்கள். அது ஃபைட்டர் வேலை, கூட்டத்துக்கான சம்பளத்தில் அதைச் செய்யக் கூடாது. அடிபட்டால் உங்கள் பெயரே எந்தத் தாளிலும் இருக்காது.

ரிஸ்க் ஷாட்டுக்குத் தனித் தொகை உண்டு. ஷாட்டுக்கு முன்பே பேசுங்கள், ரீடேக் ஆனால் என்ன கணக்கு என்பதையும் சேர்த்து. நாற்பதை நெருங்கும்போது முழங்கால் கணக்கு கேட்கும். ரோப் வேலை, வண்டி ஓட்டுவது, மாஸ்டரிடம் உதவியாளர் வேலை, இவற்றில் ஒன்றை முப்பதுக்குள்ளேயே பக்கத்தில் கற்றுக்கொண்டவர்களே அதற்குப் பிறகும் இத்துறையில் நிற்கிறார்கள். தொழிலுக்கு மரியாதை இப்போது கூடியிருக்கிறது. சண்டை இயக்கத்துக்கு 2016 படங்களுக்கான தேசிய விருதில் முதன்முதலாகத் தனிப் பிரிவு வந்து, பீட்டர் ஹெய்ன் அதைப் பெற்றார். 2027-ல் வெளியாகும் படங்களிலிருந்து ஆஸ்கரிலும் சண்டை வடிவமைப்புக்கு விருது உண்டு என்று அறிவித்திருக்கிறார்கள்.

காப்பீட்டில் தொழில் என்ன என்று கேட்கும் கட்டத்தில் உண்மையை எழுதுங்கள். தனியார் வேலை என்று எழுதிக் குறைந்த பிரீமியம் கட்டினால், விபத்தன்று அந்தக் காரணத்தைச் சொல்லியே பணத்தை மறுப்பார்கள். ஆபத்தான தொழில் பிரிவில் பிரீமியம் கூடும், சில கம்பெனிகள் எடுக்கவே மாட்டா. சங்கம் வழியாக வரும் குழுக் காப்பீட்டை விடாதீர்கள்.

ஷூட்டிங் இடத்துக்குப் போனதும் பக்கத்தில் எந்த ஆஸ்பத்திரி என்று கேட்டுவைக்க வேண்டும். மதுரை என்றால் ராஜாஜி அரசு மருத்துவமனை, தேனி ஆண்டிபட்டிப் பக்கம் என்றால் கானாவிலக்கு அரசு மருத்துவக் கல்லூரி. மலைப்பாதையில் எடுத்தால் ஆம்புலன்ஸ் கீழே நிற்கக் கூடாது, கேமரா இருக்கும் இடத்திலேயே நிற்க வேண்டும். உயரத்திலிருந்து விழுந்து கழுத்திலோ முதுகிலோ வலி என்றால், கையைக் காலைப் பிடித்துத் தூக்கி வேனில் போட விடாதீர்கள். பலகையில் சமமாக வைத்துக் கழுத்தை அசையாமல் பிடித்துக்கொண்டுதான் தூக்க வேண்டும். தலையில் அடிபட்டு, வாந்தி, தொடர்ந்த தூக்கம், பேச்சுக் குழறல், ஒரு கண் பாப்பா பெரிதாவது, இதில் ஒன்று தெரிந்தாலும் உடனே ஸ்கேன். அறிகுறி எதுவும் இல்லாவிட்டாலும் அன்றைக்கு மறுபடி ஷாட்டுக்கு நிற்கக் கூடாது.

ஆஸ்பத்திரி வாசலில் ஒன்று நடக்கும். கூட வந்தவர், "பாத்ரூம்ல வழுக்கி விழுந்துட்டேன்னு சொல்லுப்பா, இல்லேன்னா போலீஸ் கேஸாகும், செலவை நாங்க பாத்துக்கிறோம்" என்பார். ஒப்புக்கொள்ளாதீர்கள். டாக்டர் ஆக்சிடென்ட் ரெஜிஸ்டரில் எழுதும் அந்த ஒரு வரிதான் பிறகு இழப்பீட்டுக்கும் காப்பீட்டுக்கும் அடிப்படை. எந்த இடத்தில், எந்தப் படப்பிடிப்பில், எத்தனை மணிக்கு, எவ்வளவு உயரத்திலிருந்து என்று அப்படியே எழுதச் சொல்லி நகல் வாங்கிக்கொள்ளுங்கள். டிஸ்சார்ஜ் சம்மரி, எக்ஸ்ரே, அன்றைய கால்ஷீட் விவரம், கூட இருந்த இரண்டு ஃபைட்டர்களின் பெயர், எல்லாவற்றையும் சேர்த்து அந்த வாரத்துக்குள்ளேயே சங்கத்தில் எழுத்தாகக் கொடுத்து, பெற்றுக்கொண்டதற்கு ஒரு கையெழுத்தும் தேதியும் வாங்கிவிட வேண்டும்.